இரண்டாம் தளத்தின் காவலர்

அமெரிக்க நாட்டில் ஜார்ஜியா மாநிலத்துக் கெய்ரோ என்னும் சிற்றூரில், 1919ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 31ஆம் நாள் ஜாக்கி ராபின்சன் பிறந்தார். தந்தை குடும்பத்தைக் கைவிட்டகல, அன்னையார் மாலி தம் மக்கள் ஐவரையும் அழைத்துக்கொண்டு கலிபோர்னியாவிலுள்ள பாசடீனா நகர் சேர்ந்தார். பிறர் மனைகளில் பணிசெய்து அவர்களை வளர்த்தார்.

அந்நாளில் பேஸ்பால் என்னும் பந்தாட்டத்தின் பெருங்குழுக்களில் கறுப்பினத்தார்க்கு இடமில்லை. எழுதப்படாத அத்தடை ஏறத்தாழ அறுபதாண்டுகள் நிலைத்திருந்தது. புரூக்ளின் டாட்ஜர்ஸ் குழுவின் தலைவர் பிராஞ்ச் ரிக்கி அதனை உடைக்கத் துணிந்து, 1945இல் ராபின்சனைத் தெரிந்தெடுத்தார். வசைக்கு எதிர்வசை கூறலாகாது என்பது அவர் வேண்டிய உறுதி.

1947 ஏப்ரல் 15ஆம் நாள் ராபின்சன் புரூக்ளின் களத்தில் இறங்கினார். ஆயின் பழகிய இடம் அவருக்குக் கிட்டவில்லை. முந்திய ஆண்டு மான்ட்ரியால் குழுவில் இரண்டாம் தளத்தைக் காத்தவர், இப்பொழுது முதல் தளத்தைக் காக்க நேர்ந்தது. அவ்விடத்தில் நிற்பவர் ஒரு காலைத் தளத்தின் விளிம்பில் ஊன்றி, மற்றொரு காலை நீட்டி, தோழர் எறியும் பந்தை ஓட்டக்காரர் வந்தடையுமுன் பற்றவேண்டும். ஊன்றிய கால் இடறுக்குரியது. ஆகஸ்டுத் திங்களில் எதிர்க்குழுவினர் ஒருவரின் ஆணிக்காலணி அவர் காலின்மேல் பதிந்தது. வேண்டுமென்றே மிதித்தாரா என்பது இன்றும் வழக்காகவே உள்ளது. எனினும் ராபின்சன் அவ்வாண்டு 151 ஆட்டங்களில் அத்தளத்தைக் காத்து, சிறந்த புதுமுகத்துக்குரிய பரிசினையும் பெற்றார்.

1948இல் இரண்டாம் தளம் அவருடையதாயிற்று. முதல் தளத்தில் எதிரி ஒருவர் நிற்க, அடிபட்ட பந்து தரையில் உருண்டு வருகிறது எனக் கொள்வோம். தோழர் அதனை எடுத்து இரண்டாம் தளத்துக்கு எறிவார். காவலர் தளத்தை மிதித்தவாறே பந்தைப் பற்றி ஒருவரை வெளியேற்றி, உடனே உடலைத் திருப்பி முதல் தளத்துக்கு எறிந்து அடித்தவரையும் வெளியேற்றவேண்டும். அதற்குள் ஓட்டக்காரர் அவர் கால்களை வீழ்த்துமாறு தரையில் சறுக்கி வருவது அந்நாளைய வழக்கம். கையுறை இருக்கையில் இஃது எளிதே என எண்ணுவோர் களத்தைக் கண்டறியாதவர். இவ்விரட்டை வீழ்த்தலில் 1949 முதல் 1952 வரை, தம் கூட்டணியின் இரண்டாம் தளக்காவலருள் ராபின்சனே முதல்வராய் விளங்கினார்.

1951 செப்டம்பர் 30ஆம் நாள் பிலடெல்பியாவில் நடந்தது அவ்வாண்டு அட்டவணையின் இறுதி ஆட்டம். தோற்றால் கோப்பைக்குரிய நம்பிக்கை அறும். பன்னிரண்டாம் சுற்றில் எதிரிகள் மூன்று தளங்களிலும் நின்றனர், இருவர் வெளியேறியிருந்தனர். பந்து தாழப் பறந்தது. ராபின்சன் குறுக்கே பாய்ந்து அதனைப் பற்றி வீழ்ந்தார். தம் முழங்கையே வயிற்றில் தாக்க, எழமாட்டாது கிடந்தார். பின்னர் எழுந்து, பதினான்காம் சுற்றில் பந்தை மதிலுக்கப்பால் அடித்து வெற்றி தேடித் தந்தார். அடியைப் போற்றுவோர் பலர். அப்பற்றுதலின்றி அவ்வடி ஏது?

1956உடன் ஆட்டத்தை விடுத்தார். 1962இல் புகழ்மன்றத்தில் இடம்பெற்றார். 1972 அக்டோபர் 15ஆம் நாள் தம்மைச் சிறப்பித்த அரங்கில், குழுவொன்றை நடத்தும் பொறுப்பிலும் கறுப்பினத்தார் ஒருவரைக் காண விழைவதாகக் கூறினார். ஒன்பது நாட்களில் மறைந்தார். அப்பொறுப்பு 1975இல் கிளீவ்லாந்தில் பிராங்க் ராபின்சன் என்பார்க்குக் கிட்டியது.