கிண்ணம் தந்த ஆல்காக்

தோற்ற அணி வீடு திரும்பும். வென்ற அணி அடுத்த சுற்றுக்குப் போகும். இம்முறையில் ஒரு நாடு முழுமைக்குமாக நடந்த முதல் காற்பந்துப் போட்டி இங்கிலாந்தின் எஃப்.ஏ. கிண்ணப் போட்டியாகும். அதற்கு வித்திட்டவர் சார்ல்ஸ் வில்லியம் ஆல்காக்.

அன்னார் 1842 டிசம்பர் 2-ஆம் நாள் சண்டர்லாந்து துறைமுக நகரில் பிறந்தார். குடும்பம் வசதியானது. ஆகவே பிரபுக்களின் பிள்ளைகள் பயிலும் ஹாரோ பள்ளியில் படித்தார். அங்கே விடுதிக்கு விடுதி பந்தாட்டம் நடக்கும். தோற்ற விடுதி விலகிவிடும். இது அவர் மனத்தில் பதிந்துவிட்டது.

1870-இல் காற்பந்துச் சங்கத்தின் காரியதரிசியானார். மறு ஆண்டு ஜூலை 20-இல், லண்டனில் ஒரு விளையாட்டுப் பத்திரிகையின் அலுவலகத்தில் கூடிய கூட்டத்தில், எல்லாக் கழகங்களும் போட்டியிட ஒரு கிண்ணம் வைக்கலாம் என்ற யோசனையை முன்வைத்தார். 20 பவுன் விலையில் வெள்ளிக் கிண்ணம் ஒன்று செய்யப்பட்டது. கிளாஸ்கோவின் குயீன்ஸ் பார்க் கழகம் அதற்காக ஒரு கினி அனுப்பிற்று.

முதலாண்டில் சேர்ந்தவை 15 கழகங்களே. அவற்றிலும் சில ஆடாமலே விலகின. அரையிறுதியில் குயீன்ஸ் பார்க், ஆல்காக் தலைமை தாங்கிய வாண்டரர்ஸ் அணியோடு கோலின்றிச் சமன் செய்தது. மறு ஆட்டத்துக்கு லண்டன் வந்து தங்கக் கையில் பணமில்லாமல் விலகிக்கொண்டது. கிண்ணத்துக்குக் காசு கொடுத்தவர்கள் ரயில் செலவுக்குக் காசின்றித் திரும்பியது பரிதாபமே! வாண்டரர்ஸ் அதுவரை மைதானத்தில் வென்றது ஒரே ஆட்டந்தான் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

1872 மார்ச் 16-இல் லண்டன் ஓவல் மைதானத்தில், சுமார் 2,000 பேர் முன்னிலையில், ராணுவ எஞ்சினியர்கள் அணியை 1-0 என வென்று ஆல்காக் கிண்ணத்தைப் பெற்றார். கோல் அடித்த பெட்ஸ் என்பவர் அன்று புனைபெயரில் ஆடினார்.

பத்தாண்டு காலம் கிண்ணம் கனவான்களின் கையிலேயே இருந்தது. 1883-இல் பிளாக்பர்ன் ஒலிம்பிக் என்ற வடநாட்டு அணி, நெசவாளரும் ஆலைத் தொழிலாளரும் கொண்டது, ஓல்டு ஈட்டோனியன்ஸ் அணியை 2-1 எனத் தோற்கடித்தது. உடனே பூசல் கிளம்பிற்று. ஆட்டக்காரருக்குப் பணம் கொடுப்பது இழிவு என்றனர் செல்வர். ஒருநாள் வேலையை விட்டால் ஒருநாள் கூலி போகும் தொழிலாளிக்கு வேறு வழியேது? 1884-இல் பணம் கொடுத்த குற்றத்துக்காகப் பிரஸ்டன் அணி போட்டியிலிருந்து நீக்கப்பட்டது.

இங்கேதான் ஆல்காக்கின் பெருமை புலப்படுகிறது. தாம் கனவான் வகுப்பைச் சேர்ந்தவராயினும், மறைவில் கொடுப்பதை வெளிப்படையாகக் கொடுக்கச் சட்டம் வேண்டும் என்று வாதாடினார். எதிர்ப்புப் பலமாக இருந்தது. 1885 ஜூலை 20-இல், கிண்ணம் பிறந்த அதே தேதியில், ஊதியம் பெறும் ஆட்டக்காரர்களைச் சங்கம் அங்கீகரித்தது.

கிரிக்கெட்டிலும் அவர் கை உண்டு. 1872 முதல் சர்ரே கழகத்தின் காரியதரிசியாக இருந்து, 1880-இல் இங்கிலாந்து மண்ணில் முதல் டெஸ்ட் பந்தயத்தை ஏற்பாடு செய்தார்.

1895-இல் காற்பந்துச் சங்கப் பொறுப்பிலிருந்து விலகினார். அதே ஆண்டு செப்டம்பரில் பர்மிங்காம் நகரில் ஒரு கடையின் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்த அந்த 20 பவுன் கிண்ணம் களவு போயிற்று, கிடைக்கவே இல்லை. பொறுப்பிலிருந்த ஆஸ்டன் வில்லா கழகம் 25 பவுன் அபராதம் கட்டிற்று. ஆல்காக் 1907 பிப்ரவரி 26-இல் பிரைட்டன் நகரில் காலமானார்.