தகுதியே தலைமை

நுழையும்முன்

அரசுப் பணி தகுதி உடையோர்க்கா, வேண்டியோர்க்கா? பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் ஓங்கி ஒலித்த வினா இது. வழக்கறிஞராகவும் படைத்தலைவராகவும் அரசியலாளராகவும் விளங்கிய ஜேம்ஸ் கார்ஃபீல்டின் வாழ்வும் மறைவும் அவ்வினாவோடு பிணைந்தவை.

இளமையும் கல்வியும்

1831 நவம்பர் 19 அன்று, ஒஹையோ மாநிலத்தில் மரக்கட்டைகளால் அமைந்த சிறு குடிலில் கார்ஃபீல்டு பிறந்தார். இரண்டு வயது நிறையுமுன் தந்தையை இழந்தார். தாய் எலைசா நிலத்தில் உழைத்து மக்களைக் காத்தார். பதினாறாம் வயதில் கார்ஃபீல்டு, கால்வாய்ப் படகுகளை இழுக்கும் கோவேறு கழுதைகளை ஓட்டும் வேலையில் சேர்ந்தார். சில வாரங்களில் காய்ச்சலுற்று வீடு திரும்பிய மகனைத் தாய் கல்வியின்பால் திருப்பினார். ஹைரம் ஊரிலிருந்த கல்வி நிறுவனத்தில் தரை பெருக்கியும் மணியடித்தும் அவர் பயின்றார். பின்னர் வில்லியம்ஸ் கல்லூரியில் 1856இல் பட்டம் பெற்றார். தாம் துடைப்பம் ஏந்திய ஹைரம் நிறுவனத்திற்கே மறு ஆண்டில் தலைவரானார். சட்டத்தையும் தாமே கற்று வழக்கறிஞரானார்.

போர்க்களமும் நீதிமன்றமும்

1861இல் உள்நாட்டுப் போர் மூண்டது. அடிமை முறையை வெறுத்த கார்ஃபீல்டு, 42ஆம் ஒஹையோ காலாட்படைப் பிரிவைத் திரட்டினார். அவருடைய மாணவர் பலர் அதில் சேர்ந்தனர். 1862 ஜனவரியில் கென்டக்கியின் மிடில் கிரீக் போரில் வென்று படைத்தலைவராக உயர்ந்தார். மறு ஆண்டு இறுதியில் போர்க்களம் நீங்கிப் பிரதிநிதிகள் சபையில் அமர்ந்தார்.

தென்மாநிலங்களுக்கு உதவச் சதி செய்ததாக இண்டியானாவைச் சேர்ந்த மில்லிகன் என்பாருக்கு இராணுவ ஆணையம் மரண தண்டனை விதித்திருந்தது. 1866இல் உச்ச நீதிமன்றத்தில் அவருக்காக வாதாடியவர்களுள் கார்ஃபீல்டும் ஒருவர். தாம் எதிர்த்துப் போரிட்ட அணிக்குத் துணைநின்றதாகச் சொல்லப்பட்டவருக்காக, அதுவும் ஊதியமின்றி, அவர் வாதாடியது கட்சியினர் பலருக்குக் கசந்தது. எனினும், பொது நீதிமன்றங்கள் இயங்கும் இடத்தில் குடிமக்களை இராணுவம் விசாரித்தல் முறையன்று என்பதில் அவர் உறுதியாக நின்றார். நீதிமன்றமும் அதனை ஏற்றது. அவர் நீதிமன்றத்தில் வாதாடிய முதல் வழக்கே அதுதான்.

அரசியல் பணிகளுக்கிடையேயும் கற்றலை அவர் கைவிடவில்லை. ஒரு சரிவகத்தை மூன்று செங்கோண முக்கோணங்களாகப் பகுத்துப் பிதாகரஸ் தேற்றத்தை மெய்ப்பிக்கும் அவரது நிறுவல் 1876இல் வெளியாயிற்று.

குடியரசுத் தலைவர்

1880இல் சிகாகோவில் கூடிய குடியரசுக் கட்சி மாநாட்டிற்கு வேறொருவரை ஆதரிக்கவே கார்ஃபீல்டு சென்றார். இழுபறி நீடிக்க, 36ஆம் சுற்று வாக்கெடுப்பில் அவரே வேட்பாளரானார். 1881 மார்ச் 4 அன்று பதவியேற்றபோது, விடுதலை பெற்ற கறுப்பின மக்களின் உரிமையையும் கல்வியையும் வலியுறுத்தினார்.

அக்காலத்தில் அரசுப் பணிகள் கட்சித் தொண்டுக்குரிய பரிசாக வழங்கப்பட்டன. வேலை கேட்போர் நாள்தோறும் மாளிகையை மொய்த்தனர். நியூயார்க் சுங்கத்துறைப் பதவியைத் தம் விருப்பப்படி நிரப்ப முயன்ற செனட்டர் காங்க்ளிங்குக்கு அவர் பணியவில்லை. வேலை கிடைக்காத ஏமாற்றத்தில் கிட்டோ என்பவன், ஜூலை 2 அன்று வாஷிங்டன் தொடர்வண்டி நிலையத்தில் அவரைச் சுட்டான். மருத்துவர்கள் தூய்மை செய்யாத விரல்களாலும் கருவிகளாலும் குண்டைத் தேடினர், புண் சீழ்கொண்டது. செப்டம்பர் 19 அன்று, 49ஆம் வயதில் கார்ஃபீல்டு மறைந்தார்.

மறைவின் பயன்

அவருக்குப்பின் பதவியேற்ற செஸ்டர் ஆர்தர், காங்க்ளிங்கின் அணியில் வளர்ந்தவர். அவரே 1883இல், தேர்வின் வழியே பணியமர்த்தும் பெண்டில்டன் சட்டத்தில் கையொப்பமிட்டார். தொடக்கத்தில் பத்தில் ஒரு பங்கு பணிகளுக்கே பொருந்திய அச்சட்டம், காலப்போக்கில் பெரும்பான்மைப் பணிகளையும் தழுவியது. கல்வி ஒன்றையே துணையாகக் கொண்டு உயர்ந்தவரின் மறைவு, பரிந்துரைக்க ஆளில்லாத எளியோர்க்கும் அரசுப் பணியின் வாயிலைத் திறந்தது.