காந்தியைத் தேடி ஒரு லட்சம் மைல்: யார் இந்த ஏ.கே.செட்டியார்?

ஆவணப்படம்னா என்னன்னு இங்கே பலருக்கும் தெரியாத காலம் அது. அப்போதே காந்தியைப் பற்றி முழுநீள ஆவணப்படம் எடுத்துக் காட்டியவர் ஏ.கே.செட்டியார். படம் வெளியானபோது அவருக்கு 30 வயதுகூட ஆகவில்லை.

எங்கிருந்து வந்தார்?

1911 நவம்பர் 4-ல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தார். ரங்கூனில் 'தனவணிகன்' பத்திரிகையை நடத்தினார். பிறகு டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போட்டோகிராபி படித்தார்.

யோசனை எப்படி வந்தது?

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்கு 'சமாரியா' கப்பலில் போய்க்கொண்டிருந்தார் செட்டியார். காந்தியைப் பற்றிப் படம் எடுத்தால் என்ன என்று அந்தப் பயணத்தில்தான் தோன்றியது.

எப்படி எடுத்தார்?

கேமராவைத் தூக்கிக்கிட்டு சேவாகிராமம் போனால் மட்டும் போதாது. தென்னாப்பிரிக்க வாழ்க்கை, தண்டி யாத்திரை எல்லாம் நடந்து முடிந்துவிட்டன. அந்தந்த நேரத்தில் யார் யாரோ எடுத்த படச்சுருள்கள் பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடிச் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். 30 ஆண்டுகளில் ஏறக்குறைய நூறு கேமராமேன்கள் எடுத்த 50,000 அடிப் படத்தைச் சேகரித்து, 12,000 அடியாகச் சுருக்கினார்.

வெளியான பிறகு?

1940 ஆகஸ்ட் 23-ல் சென்னை ராக்ஸி தியேட்டரில் தமிழில் வெளியானது. தெலுங்கிலும் வந்தது. ஆனா அது உலகப்போர் காலம். பிரிட்டிஷ் அரசின் கெடுபிடிக்குப் பயந்து படச்சுருள்களை மறைத்து வைக்க வேண்டியதாயிற்று. சுதந்திரத்தின்போது டெல்லியில் இந்திப் பதிப்பு காட்டப்பட்டது. 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலப் பதிப்பு வெளிவந்தது.

இப்போது பார்க்க முடியுமா?

1940-ல் சென்னை பார்த்த அந்தத் தமிழ்ப் படம் காணாமல் போய்விட்டது. ஊர் ஊராகப் போய் மற்றவர்கள் எடுத்ததைக் காப்பாற்றியவரின் சொந்தப் படத்தை இங்கே யாரும் பத்திரப்படுத்தவில்லை. ஆங்கிலத்தில் சுருக்கப்பட்ட பதிப்பை, சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் வரலாற்றாசிரியர் ஆ.இரா.வேங்கடாசலபதி பிற்பாடு கண்டெடுத்தார்.

மிச்சம் இருப்பது என்ன?

1943 முதல் 'குமரி மலர்' இதழை நடத்திய செட்டியார், பயணக் கட்டுரைகளுக்காகவே தனியாகப் பேசப்பட்டவர். விளம்பரம் பிடிக்காதவர். 1983 செப்டம்பர் 10-ல் காலமானார். ஆனாலும் ஒரு நல்ல காரியம் செய்து வைத்திருந்தார். காந்தி படம் உருவான கதையைத் தன் இதழிலேயே எழுதியிருந்தார். அது பின்னாளில் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற புத்தகமாக வந்தது. படத்தைப் பார்க்க முடியாட்டியும், அது எப்படி எடுக்கப்பட்டதுன்னு இன்னைக்கும் படிக்க முடியும்.