அமரர் ஜீ. ஜீ. பொன்னம்பலம்

வடமராட்சியின் அல்வாய்க் கிராமம் ஈழநாட்டுக்கு அளித்த அறிஞர்களுள் நியாயதுரந்தரர் கணபதி காங்கேசர் பொன்னம்பலம் அவர்கள் தனியிடம் பெற்றவர். 1901ஆம் ஆண்டு நவம்பர் 8ஆம் நாள் பிறந்த இவர் நம் கல்லூரியின் மாணவரல்லர். யாழ்ப்பாணம் சம்பத்திரிசியார் கல்லூரியிலும் கொழும்பு சூசையப்பர் கல்லூரியிலும் பயின்றவர். ஆயினும், சட்டத்துறையை நாடும் நம் மாணவர் அறியவேண்டிய வரலாறு இவருடையதாதலின் இம்மலரில் இடம்பெறுகின்றது. கேம்பிரிட்ஜில் இவர் முதல் வகுப்பிற் சித்தியெய்தியது இயற்கை விஞ்ஞானத்திலாகும். பின்னரே சட்டத்துட் புகுந்தார். குறுக்கு விசாரணையில் இவர் காட்டிய கூர்மை ஆய்வுகூடத்திற் பெற்ற பயிற்சியோ என எண்ணத் தோன்றும்.

இவருடைய அரசியல் வாழ்வைப் பலர் எழுதியுள்ளனர். 1934இல் பருத்தித்துறையின் பிரதிநிதியாக அரசாங்க சபை புகுந்தமையும், 1944இல் தமிழ்க் காங்கிரசை நிறுவியமையும், சோல்பரி ஆணைக்குழுவின்முன் ஐம்பதுக்கு ஐம்பது கோரியமையும், 1948 முதல் 1953 வரை கைத்தொழில் மந்திரியாக விளங்கியமையும் யாவரும் அறிந்தவை. இந்திய பாகிஸ்தானியர் குடியுரிமை மசோதாவை அரசாங்கத்தோடு நின்று ஆதரித்தமை இவர் புகழிற் படிந்த மறுவென்றே இதை எழுதுவோன் கருதுகின்றான்.

1960ஆம் ஆண்டுத் தேர்தல்களில் தோல்வியுற்றுப் பாராளுமன்றத்துக்கு வெளியே நின்ற காலத்திலேயே இவருடைய சட்டவன்மைக்குப் பெருஞ்சோதனை வந்தது. 1962 ஜனவரி 27ஆம் நாள் இராணுவ, பொலிஸ் அதிகாரிகள் சிலர் அரசைக் கைப்பற்ற முயன்றனர் என வெளிப்பட்டது. மார்ச் மாதத்தில் அரசாங்கம் தனிச்சட்டமொன்றை நிறைவேற்றி, அதனை ஜனவரி முதல் நாளிலிருந்தே செல்லும்படி செய்தது. யூரர் இல்லை, ஆகக் குறைந்த தண்டனை பத்தாண்டுச் சிறை, சொத்துப் பறிமுதல். யாவற்றினும் பாரதூரமானது 9ஆம் பிரிவு. வழக்கை விசாரிக்கும் மூன்று நீதியரசர் யாவர் எனக் குறித்து நியமிக்கும் அதிகாரத்தை அது நீதி மந்திரிக்கு வழங்கியது.

நீதியரசர்கள் ரீ. எஸ். பெர்னாண்டோ, எல். பி. டி சில்வா, பொ. ஸ்ரீஸ்கந்தராசா ஆகியோர் அவ்வாறு நியமனம் பெற்றனர். ஜூலை மாதத்தில் 24 எதிரிகளும் அவர்கள்முன் நிறுத்தப்பட்டனர். எதிரிகளின் சார்பில் முன்னணியில் நின்ற சட்டவல்லுநருள் பொன்னம்பலம் ஒருவர். சாட்சியங்களுட் புகுமுன்னரே எதிரிகள் தரப்பு ஆட்சேபம் எழுப்பிற்று. அந்த ஆயத்திடமே அதன் நியமனம் செல்லாது என்று வாதிப்பது எளிதா? நீதியரசர்களின் நேர்மையை இம்மியும் ஐயுறாது, அவர்களை அமர்த்திய கையையே வினாவவேண்டியிருந்தது. கவிழ்க்கப்பட இருந்த அரசாங்கத்தின் மந்திரியே நடுவரைத் தெரிந்தெடுத்தால் நீதி நடந்தாலும் நடந்ததாக உலகுக்குத் தோன்றுமா?

அக்டோபர் 3ஆம் நாள் மூவரும் ஒருமித்து ஆட்சேபத்தை ஏற்றனர். நீதியதிகாரத்தின் பாற்பட்ட அந்நியமனத்தை மந்திரியின் கையிற் கொடுத்தல் அரசியலமைப்புக்கு முரண் என்றும், அங்ஙனமன்றாயினும் தாம் அவ்வழக்கை விசாரித்தல் தகாது என்றும் கூறி விலகினர். தம் ஆசனத்தைத் தாமே துறந்த நீதியரசரை உலகம் அடிக்கடி காண்பதில்லை.

இக்காலத்திலேயே இலஞ்ச நியாயசபைகளின் நியமனமும் வினாவுக்குள்ளாயிற்று. நீதிச் சேவை ஆணைக்குழுவை விலக்கி, மந்திரியின் ஆலோசனைப்படி மகாதேசாதிபதி நியமித்த அச்சபைகள் வலிதற்றவை என்று உயர் நீதிமன்றம் தீர்த்தது. 1964இல் ரணசிங்க வழக்கில் பிரிவிக் கவுன்சிலும் அதனை உறுதிசெய்தது.

சதி வழக்கோ முடிந்தபாடில்லை. சட்டம் திருத்தப்பட்டு நியமன அதிகாரம் பிரதம நீதியரசருக்குச் சென்றது. இரண்டாவது ஆயத்தில் இருந்த ஒருவர் முன்னர் சட்டமா அதிபராக அவ்விசாரணையோடு தொடர்புற்றிருந்தமையால் அதுவும் கலைந்தது. மூன்றாவது ஆயம் 324 நாட்கள் அமர்ந்து, 1965 ஏப்ரலில் பதினொருவரைக் குற்றவாளிகளாகக் கண்டது. அவ்வாண்டு டிசம்பரில் பிரிவிக் கவுன்சில் அத்தனிச்சட்டங்களையே செல்லாதனவாக்கிப் பதினொருவரையும் விடுவித்தது.

1965இல் பாராளுமன்றத்துக்கு மீண்ட பொன்னம்பலம் 1970இல் மறுபடியும் தோல்வி கண்டார். 1972ஆம் ஆண்டுக் குடியரசு யாப்பு, நிறைவேறிய சட்டத்தை நீதிமன்றம் ஆராயும் அதிகாரத்தை ஒழித்தது. 1976இல் திரு. அ. அமிர்தலிங்கம் முதலியோர் அவசரகாலப் பிரமாணங்களின்கீழ் யூரரின்றி மூன்று நீதிபதிகளின்முன் நிறுத்தப்பட்டபோது, எழுபத்தைந்தை நெருங்கிய பொன்னம்பலம் மீண்டும் அங்கியணிந்தார். கால் நூற்றாண்டாக எதிரணியில் நின்ற செல்வநாயகமும் அதே வழக்கில் உடன் தோன்றினார். அப்பிரமாணங்கள் வலிதற்றவை என்ற வாதத்தை நீதிபதிகள் ஏற்றனர். பின்னர் உயர் நீதிமன்றம் அதனை மாற்றிற்று.

1977 பெப்ரவரி 9ஆம் நாள் கோலாலம்பூரில் பொன்னம்பலம் காலமானார். அவ்வாண்டு ஏப்ரலில் செல்வநாயகமும் மறைந்தார்.