தோட்ட வாயிலைக் கடந்தவர்

உரிமை என்பது ஏட்டில் எழுதிவைத்த மாத்திரத்தில் எளியோரைச் சேர்ந்துவிடுவதன்று. அதனைக் கொண்டுசென்று அறிவிப்பார் ஒருவர் வேண்டும். இலங்கை மலைநாட்டுத் தொழிலாளர்க்கு அப்பணியை முதன்முதல் மேற்கொண்டோருள் தலையாயவர் கோதண்டராம நடேசய்யர்.

தஞ்சை மாவட்டத்தில் 1887ஆம் ஆண்டு பிறந்த இவர், ஆசிரியராகவும் பத்திரிகையாளராகவும் விளங்கியவர். இவர் இலங்கைக்கு வந்த நாளில், ஊவாவின் பூனாகலை முதல் அட்டன் ஈறாகத் தேயிலைத் தோட்டங்கள் துரைமாரின் தனியரசுகளாகவே இருந்தன. தொழிலாளர் வாழ்ந்த லயங்களும் தோட்டத்து நிலத்திலேயே அமைந்திருந்தமையால், அனுமதியின்றி அவர்களைக் காணச் செல்வதே அத்துமீறல் என்னும் குற்றமாயிற்று. கடன் தொகையைக் குறித்த 'துண்டு' இன்றி ஒருவர் வேறொரு தோட்டத்திற் சேர்தல் அரிது. அம்முறை 1921இல் சட்டத்தால் ஒழிந்தது. ஆனால் சட்டம் மாறியதை லயத்தில் இருப்போர்க்கு யார் சொல்வது?

புடைவை வியாபாரிகள் தோட்டங்களுக்குத் தடையின்றிப் போய்வருவதைக் கண்ட நடேசய்யர், தாமும் அவ்வாறே துணி விற்பவராய் உட்புகுந்தார். கண்டவற்றை எழுதினார். 1924இல் 'தேசபக்தன்' இதழைத் தொடங்கினார். அடுத்த ஆண்டு சட்டநிரூபண சபையில் இடம்பெற்றார். கொழும்பில் ஏ. ஈ. குணசிங்காவுடன் இணைந்து தொழிற்சங்கப் பணியாற்றிய அவர், 1928இல் அவரைப் பிரிந்தார். 1931இல் அட்டனில் தோட்டத் தொழிலாளர்க்கெனத் தனிச் சங்கம் அமைத்தார். அவர்தம் துணைவியார் மீனாட்சி அம்மையார் தொழிலாளர் துயரைப் பாட்டாக்கிக் கூட்டங்களிற் பாடினார். 1936 முதல் 1947 வரை அரசாங்க சபையில் அட்டன் தொகுதியின் உறுப்பினராக நடேசய்யர் வீற்றிருந்தார்.

துரைமாரின் எதிர்ப்பினால் அவருடைய சங்கம் தளர்ந்தது உண்மையே. ஆயினும் 1940இல், பதுளையை அடுத்த வேவெஸ்ஸ தோட்டத்தில், தொழிலாளர் தேர்ந்தெடுத்த குழுவைக் கலந்தே காரியங்களை நடத்தத் துரை இணங்க நேர்ந்தது. அப்போராட்டத்தை நடத்தியது வேறொரு சங்கம். எனினும், தோட்டத்தினுள்ளே சங்கம் என்ற சொல்லுக்கு முன்னரே வழி திறந்துவைத்தவர் நடேசய்யர்.

1947 நவம்பரில் அவர் மறைந்தார். மறு ஆண்டு நவம்பர் 15ஆம் நாள் நடைமுறைக்கு வந்த குடியுரிமைச் சட்டம், மலையகத் தமிழருள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. அதற்குப் பின் இருபத்தைந்தாம் நாள், டிசம்பர் 10இல், பாரிசில் கூடிய ஐக்கிய நாடுகள் சபை, ஒரு நாட்டின் குடிமையைப் பெறுதல் ஒவ்வொருவர்க்கும் உரிமை எனப் பிரகடனம் செய்தது. உலகம் ஒப்பிய அவ்வுரிமை, எஞ்சியிருந்த நாடற்றோரைச் சட்டமாக எட்டியது 2003இலேதான். பாரிசுக்கும் லயத்துக்கும் இடைப்பட்ட அத்தொலைவை நோக்கும்போது, துணிமூட்டையோடு தோட்ட வாயிலைக் கடந்தவரின் தொண்டு எத்துணைப் பெரிதென்பது விளங்கும்.