தன் படைப்பை மீட்டெடுத்த கலைஞன்

காட்டூன் படங்கள் சிறுவர்களின் பொழுதுபோக்கு என்றே நம்மிற் பலர் எண்ணுகின்றோம். அத்துறையில் ஒரேயொரு படத்தின் பொருட்டு முப்பதாண்டுகளுக்கு மேலாகப் போராடிய கலைஞர் ஒருவர் இருந்தார். பிரான்ஸ் நாட்டின் போல் கிறிமோவே அவராவார்.

பாரிஸ் நகரையடுத்த நுய்யி என்னுமிடத்தில் 1905 மார்ச் 23ஆம் திகதி பிறந்த கிறிமோ, விளம்பரத்துறையிற் பணியாற்றிய பின்னர், 1936இல் அந்திரே சாருட் என்பவருடன் இணைந்து சித்திரப்பட நிறுவனமொன்றை ஆரம்பித்தார். கவிஞர் ஜாக் பிரேவெர் அவருக்குக் கதை வசனம் எழுதினார். அவ்விருவரின் கூட்டில் 1947இல் உருவான 'சின்னப் போர்வீரன்' என்ற குறும்படம் பெரும் பாராட்டைப் பெற்றது.

அடுத்து, டென்மார்க் எழுத்தாளர் அன்டர்சனின் கதையொன்றைத் தழுவி முழுநீளப் படமொன்றை அவர்கள் தொடங்கினர். கொடுங்கோல் மன்னன் ஒருவனின் மாளிகையிலே, ஓவியங்களில் உள்ள இடைச்சியும் புகைபோக்கி துடைக்கும் இளைஞனும் இரவில் உயிர்பெற்றுத் தப்பியோடுகின்றனர்; மன்னனுக்கு அஞ்சாத பறவையொன்று அவர்களுக்குத் துணைநிற்கின்றது. படத்தின் செலவு எல்லை கடந்தது. பணத்துக்குப் பொறுப்பாயிருந்த சாருட்டின் கவலையிலும் நியாயம் இல்லாமலில்லை. ஆனால், கிறிமோவை விலக்கிவிட்டுப் படத்தை வேறெவரையோ கொண்டு முடித்து அவர் வெளியிட்டமை எவ்வகையிலும் ஏற்கத்தக்கதன்று. அப்படம் 1952இல் வெனிஸ் விழாவிற் பரிசும் பெற்றது. எனினும், கிறிமோவும் பிரேவெரும் அதனைத் தமது படைப்பென ஏற்க மறுத்தனர். நீதிமன்றத்தை நாடியும் பயன் கிட்டவில்லை.

பரிசை ஏற்று மௌனமாயிருந்திருந்தால் கிறிமோவின் வாழ்வு இலகுவாயிருந்திருக்கும். அவரோ சொந்த நிறுவனமொன்றை அமைத்து, குறும்படங்களைத் தயாரித்தவாறே காத்திருந்தார். 1967இல் படத்தின் உரிமையும் மூலச்சுருளும் அவர் கைக்கு வந்தன. மேலும் பத்தாண்டுகள் நிதி தேடுவதிற் கழிந்தன. பழைய காட்சிகளிற் சிலவற்றைக் களைந்து, புதியன வரைந்து சேர்த்தார். பணி நிறைவுறுமுன்னரே, 1977இல் பிரேவெர் காலமானார். 'மன்னனும் பறவையும்' என்ற பெயருடன் நிறைவுற்ற படத்தைக் கிறிமோ அந்த நண்பருக்கே காணிக்கையாக்கினார்.

1979இல் பிரான்சின் உயரிய லூயி டெலுக் விருது அப்படத்துக்குக் கிடைத்தது. 1980இல் அது திரைக்கு வந்தது. ஜப்பானியச் சித்திரப்பட மேதைகளான தகாஹாட்டா, மியசாக்கி ஆகியோர் கிறிமோவின் கலைக்குத் தாம் கடன்பட்டிருப்பதை வெளிப்படையாகவே கூறியுள்ளனர். 1994 மார்ச் 29ஆம் திகதி கிறிமோ காலமானார்.

இடிபாடுகளின் நடுவே, இராட்சத இயந்திர மனிதன் கூண்டைத் திறந்து சிறு பறவையொன்றை விடுவித்து, அக்கூண்டையும் நசுக்கிவிடுவதோடு அப்படம் முடிகின்றது. ஒரு படைப்புக்குப் பணமிட்டவர் அதன் வருவாயிற் பங்கு கோரலாம். படைத்தவனின் சம்மதமின்றி அதன் உருவை மாற்ற அவருக்கு உரிமையில்லை. கலைஞர்களின் ஆக்கங்கள் எளிதாக வெட்டி ஒட்டப்படும் இக்காலத்தில், கிறிமோவின் வாழ்வு நமக்கு நினைவூட்டுவது இதனையே என்போம்.