விபுலாநந்த அடிகளாரும் வேற்றுமொழிப் பெயர்களும்

கல்முனைக்கு அணித்தான காரைதீவில் 1892 ஆம் ஆண்டு தோன்றிய மயில்வாகனனாரே பின்னாளில் விபுலாநந்த அடிகளாராயினார். தமிழைக் குஞ்சித்தம்பி ஆசிரியரிடம் பயின்று, ஆங்கிலக் கல்வியைக் கல்முனையிலே தொடங்கினார். 1916 இல் மதுரைத் தமிழ்ச் சங்கப் பண்டிதரானார். 1920 இல் இலண்டன் விஞ்ஞானப் பட்டமும் பெற்றார்.

சேக்சுபியர் நாடகங்களை ஆராயும் அவர்தம் மதங்க சூளாமணி 1926 இல் வெளிவந்தது. அதன்கண் நாடக மாந்தரும் தமிழ்ப் பெயர் பூண்டனர். ரகரம் தமிழிற் சொல்லுக்கு முதலாகாது. ஆதலின் ரோமியோ இரம்மியன் ஆனான். மாக்பெத்து மகபதியானான். ஸ்கூல் என்பதை இஸ்கூல் எனப் படித்த மாணவனைக் கண்டு வகுப்பில் நாமும் நகைத்ததுண்டு. அவன் நாவில் எழுந்ததும் இவ்விகரமே யன்றோ! அவன் அறியாது செய்தான், அடிகளார் இலக்கணமறிந்து செய்தார், வேற்றுமை அத்துணையே.

1936 இல் சென்னைச் சொல்லாக்க மாநாட்டிற்குத் தலைமை தாங்கினார். 1943 இல் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் முதல் தமிழ்ப் பேராசிரியரானார். 1947 இல் யாழ்நூல் அரங்கேறிய சில வாரங்களில் மறைந்தார்.